50,000 அடி பிலிம் தேடிய தமிழர்!

1937-ம் வருஷம் அக்டோபர் 2-ந் தேதி. நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்கு ஒரு கப்பல் போய்க்கொண்டிருந்தது. அதில் ஒரு தமிழ் இளைஞர். செட்டிநாட்டுக் கோட்டையூர்க்காரர். பெயர் ஏ. கே. செட்டியார். இருபத்தாறு வயதுகூட நிரம்பவில்லை.

அன்று காந்தியடிகளின் பிறந்த நாள். அவருடைய வாழ்க்கையைப் படமாக்க வேண்டும் என்ற ஆசை செட்டியாருக்குப் பிறந்தது. நடிகர் வேஷம் போடும் படமல்ல. காந்தியடிகளே தோன்றும் உண்மைப் படம்!

ஆனால் 1930-ல் நடந்த தண்டி யாத்திரையை 1937-ல் படம் பிடிக்க முடியுமா? முடியாது. அன்றைக்கு யாரோ எடுத்து வைத்ததைத் தேடித்தான் வாங்க வேண்டும்.

செட்டியார் தேடினார். தென்னாப்பிரிக்கா, இங்கிலாந்து என்று சுமார் 1,00,000 மைல் அலைந்தார். முப்பது வருஷ காலத்தில் நூறு கேமராக்காரர்கள் எடுத்த 50,000 அடி பிலிம் சேர்ந்தது. நீட்டிப் பிடித்தால் ஒன்பது மைலுக்கு மேல் வரும்!

தேடுவது எப்படி?

பழைய படம் தேடுவது துப்பறியும் வேலை. முதலில் காப்பகத்தின் பதிவேட்டைப் புரட்ட வேண்டும். டப்பாவின் மேல் ஒரு பெயர் இருக்கும். உள்ளே வேறு படம் இருக்கும். ஆகவே சுருளை ஓட்டிப் பார்க்க வேண்டும். யாருடைய முகம்? எந்த ஊர்? எந்த வருஷம்? கடைப் பலகை, உடை, அன்றைய பத்திரிகைச் செய்தி எல்லாம் சாட்சி சொல்லும். பிறகு சொந்தக்காரரிடம் அனுமதி பெற்றுப் பணம் கட்ட வேண்டும்.

தாமதித்தாலோ ஆபத்து! அக்காலத்துப் பிலிம் எளிதில் தீப்பற்றும். பேணாமல் விட்டால் பொடியாகிவிடும்.

வந்ததும் மறைந்ததும்

50,000 அடியிலிருந்து 12,000 அடியைப் பொறுக்கி எடுத்தார் செட்டியார். 1940 ஆகஸ்டு 23-ந் தேதி படம் தமிழில் வெளிவந்தது. அப்போது வெள்ளையர் ஆட்சி. உலகப் போரும் மூண்டிருந்தது. 1953-ல் அமெரிக்காவில் ஆங்கிலப் படமாகவும் வந்தது.

விதியைப் பாருங்கள்! காணாமற்போக இருந்த படங்களைக் காப்பாற்றியவரின் படமே காலப்போக்கில் காணாமற்போயிற்று. 1983-ல் செட்டியார் காலமானார். இந்த நூற்றாண்டில் வரலாற்று ஆசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி அதைத் தேடிப் புறப்பட்டார். அமெரிக்காவில், சான்பிரான்சிஸ்கோவிலுள்ள ஒரு பல்கலைக்கழகத்தில் ஆங்கிலப் படம் அகப்பட்டது. தமிழில் வந்த முதல் படம் அகப்படவில்லை.

அது எந்த வீட்டுப் பரணில் தூங்குகிறதோ, யார் கண்டார்? உங்கள் வீட்டில் துருப்பிடித்த பிலிம் டப்பா இருந்தால் பழைய இரும்புக்காரரிடம் போட்டுவிடாதீர்கள். நெருப்பருகே வைக்காதீர்கள். புனேயில் 1964-ல் ஏற்பட்ட தேசியத் திரைப்படக் காப்பகத்துக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். செட்டியார் கப்பலேறித் தேடினார். நீங்கள் பரணில் ஏறினால் போதும்!