அந்த ஆறு இலக்கத்தைக் கேட்பது யார்?

"அக்கா, உங்க நம்பருக்குத் தப்பா ஒரு கோடு வந்திருக்கும். கொஞ்சம் அனுப்புங்களேன், அவசரம்." மகளிர் குழுவில் கூடவே இருக்கும் தோழியின் எண்ணிலிருந்து வாட்ஸ்அப்பில் இப்படி வந்தால் யாருக்குச் சந்தேகம் வரும்? படமும் அவருடையதுதான். ஆனால் கேட்பது, சற்று முன் அவருடைய கணக்கைப் பறித்த ஆள். கோடை அனுப்பினால் அடுத்து போவது உங்கள் கணக்கு.

வாட்ஸ்அப்பில் எல்லாம் பத்திரம் என்றுதானே சொல்கிறார்கள்? 2016 முதல் அதில் முழுமையான மறையாக்கம் உண்டு. நீங்கள் அனுப்பும் செய்தி உங்கள் போனிலேயே மறைகுறியாக மாறி, பெறுபவரின் போனில்தான் பிரிகிறது. நடுவில் உள்ள சர்வரால் அதைப் படிக்க முடியாது. ஆனால் அந்தக் காவல் செய்தி போகும் வழிக்குத்தான். கணக்கு உங்களுடையது என்பதற்குச் சாட்சி, எஸ்எம்எஸ்ஸில் வரும் அந்த ஆறு இலக்கக் கோடு. அதைச் சொன்னதும் கணக்கு திருடனின் போனில் திறக்கும், உங்கள் போனில் மூடிக்கொள்ளும். பழைய உரையாடல்கள் உங்கள் போனில் இருப்பதால் அவை அவனுக்குப் போகாது. குழுக்களில் புதிதாக வருவதெல்லாம் போகும், உறுப்பினர்களின் எண்களும் சேர்ந்து. பிறகென்ன, "ஆஸ்பத்திரியில் இருக்கேன், பத்தாயிரம் ஜிபே பண்ணு" என்று உங்கள் பெயரில் கேட்பான்.

செட்டிங்ஸில் 'டூ ஸ்டெப் வெரிஃபிகேஷன்' போட்டு, நீங்களே ஒரு பின் எண் வைத்துக்கொள்ளுங்கள். கோடு மட்டும் கிடைத்தவனால் உள்ளே வர முடியாது. 'லிங்க்டு டிவைசஸ்' பகுதியில் தெரியாத கருவி இருந்தால் உடனே நீக்குங்கள்.

கணக்கு போய்விட்டதா? உங்கள் எண்ணை மறுபடி பதிவு செய்து, புதிதாக வரும் கோடைப் போடுங்கள், அவன் வெளியேறிவிடுவான். அவன் பின் எண் வைத்திருந்தால் நீங்கள் உள்ளே போக 7 நாள் ஆகலாம், ஆனால் அவனாலும் அதைப் பயன்படுத்த முடியாது. அதற்குள் சொந்தபந்தங்களுக்குப் போன் பண்ணி, பணம் போட வேண்டாம் என்று குரலிலேயே சொல்லிவிடுங்கள்.

யாராவது பணம் போட்டுவிட்டால், போட்டவர் உடனே சைபர் குற்ற உதவி எண்ணான 1930-ஐ அழைக்க வேண்டும். திருடிய பணம் கணக்கு மாறி மாறி ஓடும். ஏதோ ஒரு கணக்கில் நிற்கும்போதே புகார் போனால் வங்கியால் முடக்க முடியும். ஏமாந்ததை வெளியே சொல்ல வெட்கப்பட்டு ஒரு ராத்திரி தள்ளிப்போடுவதால்தான் பலருக்குப் பணம் மீளாமல் போகிறது. குற்றம் செய்தவன் அவன், நீங்கள் அல்ல. கோபத்தில் அந்த உரையாடலை அழித்துவிடாதீர்கள். ஸ்கிரீன்ஷாட்டும் யுபிஐ பரிவர்த்தனை எண்ணும்தான் ஆதாரம்.

தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66சி, 66டி பிரிவுகளில் இதற்கு 3 ஆண்டு வரை சிறைத்தண்டனை உண்டு. "இது எங்கள் எல்லை இல்லை" என்று காவல் நிலையத்தில் உங்களைத் திருப்பி அனுப்பக் கூடாது. எந்த எல்லையில் நடந்திருந்தாலும் புகாரைப் பதிவு செய்யலாம் என்கிறது 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம். எஃப்ஐஆர் நகல் உங்களுக்கு இலவசம். பதிவு செய்ய மறுத்தால், மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குத் தபாலில் எழுதலாம். அதற்கும் பலன் இல்லையென்றால் மாஜிஸ்திரேட்டிடம் மனு கொடுக்கலாம்.