அள்ளக் குறையாத பாத்திரம்

உலக இலக்கியங்களில் மந்திரப் பொருள்களுக்குப் பஞ்சமில்லை. வனவாசம் போன பாண்டவருக்குச் சூரியன் அளித்த அட்சய பாத்திரம், அராபியக் கதைகளில் அலாவுதீனின் விளக்கு, ஐரோப்பிய வீரகதைகளில் வீரர்கள் தேடி அலைகின்ற திருக்கிண்ணம் என்று அவை பலவாகும். புலவன் படைக்கும் கற்பனை உலகின் இயல்பை அறிய வேண்டுமானால், அங்குள்ள மந்திரப் பொருள் எந்த விதிக்குக் கட்டுப்படுகிறது என்று பார்த்தாலே போதும். நம் யாழ்ப்பாணத்துத் தீவுகளோடு சேர்த்துப் பேசப்படும் அத்தகைய பொருள் ஒன்று உண்டு. அது மணிமேகலைக் காப்பியத்து அமுதசுரபி.

சீத்தலைச் சாத்தனார் இயற்றி, உ. வே. சாமிநாதையர் 1898இல் பதிப்பித்த அந்நூலில் முப்பது காதைகள் உள்ளன. கடல் தெய்வமான மணிமேகலா, புகார் நகரத்து உவவனத்திலிருந்து மணிமேகலையைத் துயிலும்போதே எடுத்துச் சென்று, முப்பது யோசனை தெற்கேயுள்ள மணிபல்லவத் தீவில் விட்டு நீங்குகிறது. மணற்குன்றும் புன்னை நிழலும் கடல் அலையுமான அந்தத் தீவில் அவள் தனியே விழித்தெழுகிறாள். அங்குள்ள புத்த பீடிகையைக் கண்டதும் தன் பழம்பிறப்பை உணர்கிறாள். பீடிகையைக் காவல் புரியும் தீவதிலகை, கோமுகிப் பொய்கையைக் காட்டுகிறாள். வைகாசி விசாகத்து முழுநிலா நாளில், ஆண்டுக்கொரு முறை, அப்பொய்கையிலிருந்து மேலெழும் பாத்திரம் அன்று மணிமேகலையின் கையை வந்தடைகிறது.

மணிபல்லவம் எது? முதலியார் செ. இராசநாயகம் 1926இல் வெளியிட்ட தம் ஆங்கில நூலில் அதனை யாழ்ப்பாணத்தோடு இணைத்துக் காட்டினார். நயினாதீவே அது என்பது தீவக மக்களிடையே வேரூன்றிய நம்பிக்கை. மணிமேகலை கூறும் பீடிகைக் கதையில் இரு நாக மன்னர் அதற்காகப் போரிட, புத்தர் தோன்றிச் சமாதானம் செய்கிறார். மகாவம்சமும் நாகதீபத்தில் மகோதரன், சூளோதரன் என்ற நாக அரசர் மணியாசனம் ஒன்றுக்காகப் பூசலிட்ட கதையைச் சொல்கிறது. 1936இல் கிடைத்த வல்லிபுரம் பொற்சாசனத்தில் நாகதீவு என்ற பெயர் வருகிறது. இன்று நயினாதீவில் நாகபூசணி அம்மன் கோயிலும் நாகவிகாரையும் உள்ளன. எனினும் காப்பியத்துத் தீவு புலவனுடைய தீவு. நிலப்படத்தில் அதற்கு எல்லை குறிப்பதை விட, அங்கு நடைபெறும் நியதியை அறிவதே நமக்குப் பயன் தரும்.

பாத்திரத்தின் வரலாற்றை அறவண அடிகள் மணிமேகலைக்குச் சொல்கிறார். தாயால் கைவிடப்பட்டு, பசுவொன்று ஏழு நாள் பாலூட்ட உயிர் பிழைத்த குழந்தை ஆபுத்திரன். வேள்விக்குக் கட்டிய பசுவை விடுவித்தமையால் ஊரால் துரத்தப்பட்டவன். மதுரை அம்பலத்தில் பிச்சை ஏற்று, குருடர் முடவர் உண்ட பின் எஞ்சியதை உண்டு வாழ்ந்தவன். ஒருநாள் மழை இரவில் பசித்தோர் வந்து கேட்க, கொடுக்க ஒன்றுமின்றி அவன் கலங்கியபோது, சிந்தாதேவி இப்பாத்திரத்தை அளித்தாள். நாடு வறண்டாலும் இது வறளாது; வாங்குவோர் கைதான் சலிக்கும்.

இனித்தான் சாத்தனாரின் கற்பனை கூர்மை பெறுகிறது. ஆபுத்திரனின் புகழ் கண்டு வரமளிக்க வந்த இந்திரனை அவன் எள்ளி நகைத்தான். சினங்கொண்ட இந்திரன் இடியையோ தீயையோ ஏவவில்லை. பன்னிரண்டு ஆண்டு மழையின்றிக் கிடந்த பாண்டிநாட்டில் மழை பெய்வித்தான். விளைவு பெருகிற்று, பசித்தவர் இல்லை, பாத்திரத்துக்கும் வேலை இல்லை. ஒரு மந்திரப் பொருளை இவ்வாறு தோற்கடிப்பதைக் கதைகளில் எளிதில் காணமுடியாது.

சாவக நாட்டில் பஞ்சம் என்று கேட்டு ஆபுத்திரன் கப்பலேறினான். காற்று மிகுந்து மணிபல்லவத்தில் தங்கிய கப்பல், அவன் இறங்கியிருந்ததை அறியாமலே புறப்பட்டுச் சென்றது. ஆளில்லாத தீவில் அள்ளக் குறையாத பாத்திரத்தோடு அவன் தனித்து நின்றான். பலர் உயிரைக் காக்கும் கலத்தைக் கொண்டு தன் ஒருவன் உயிரை வளர்க்க அவன் மனம் ஒப்பவில்லை. பாத்திரத்தைப் பொய்கையில் விட்டு, உண்ணாநோன்பிருந்து உயிர் துறந்தான். பாரதத்தின் அட்சய பாத்திரம், திரௌபதி உண்டு முடிந்தால் அன்றைக்கு ஓய்ந்துவிடும். அமுதசுரபியோ ஏற்பவர் இல்லாத இடத்தில் பொருளற்றுப் போகிறது.

இதே நியதி மணிமேகலைக்கும் பொருந்துகிறது. பாத்திரம் கிடைக்கும் முன்பே, வேற்றுருக் கொள்ளவும் வான்வழி செல்லவும் பசியை ஒழிக்கவுமான மூன்று மந்திரங்களைக் கடல் தெய்வம் அவளுக்கு அருளியிருந்தது. தன் பசிக்கு மந்திரம் இருக்க, பாத்திரம் முழுவதும் பிறருக்கே என்றாகிறது. அவள் புகாருக்கு மீண்டதும் இன்னொரு விதியும் தெரிய வருகிறது. கற்புடைய பெண் ஒருத்தி முதற்பிச்சை இட வேண்டும். அவள்தான் ஆதிரை. கடலில் கலம் உடைந்து கணவன் சாதுவன் இறந்தான் என்று கேட்டுத் தீப்பாய்ந்தவள். தீ சுடாமையால் பிழைத்து, அவன் மீண்டுவரக் கண்டவள். அவள் இட்ட சோற்றிலிருந்துதான் பாத்திரம் சுரக்கத் தொடங்குகிறது. தெய்வம் தந்த கலத்துக்கும் முதல் பிடி ஒரு வீட்டு அடுப்பிலிருந்து வரவேண்டியிருக்கிறது. பின்னர் யானைத்தீ என்னும் தீராப்பசியால் வாடிய காயசண்டிகை அதில் உண்டு நோய் தீர்கிறாள். சிறைக்கோட்டம் அறக்கோட்டமாகிறது. காஞ்சியின் பஞ்சத்திலும் அது சோறிடுகிறது.

கலம் உடைவதும் கரையில் தனித்து நிற்பதும் நம் தீவுகளுக்குப் புதியவையல்ல. நயினாதீவிலுள்ள முதலாம் பராக்கிரமபாகுவின் பன்னிரண்டாம் நூற்றாண்டுத் தமிழ்ச் சாசனம், ஊராத்துறைக்கு வரும் பரதேசிகளைக் காக்குமாறு கட்டளையிடுகிறது. யானை குதிரை ஏற்றிவந்த மரக்கலம் உடைந்தால் அரசுக்கு நாலில் ஒரு பங்கு, உடையவனுக்கு மூன்று பங்கு. பிற பண்டம் ஏற்றியதாயின் சரிபாதி என்றும் அது வகுக்கிறது. ஊராத்துறை என்பது இன்றைய ஊர்காவற்றுறை.

1990, 1991ஆம் ஆண்டுகளில் போரினால் தீவக மக்கள் பெருந்தொகையாக இடம்பெயர்ந்தனர். மீளாதோர் பலர். பூட்டிய வீடுகளையும் தூர்ந்த கிணறுகளையும் கண்டவர்களுக்கு, ஆபுத்திரன் நின்ற ஆளில்லாத் தீவு வெறுங்கற்பனையாகத் தோன்றாது. அமுதசுரபி என்ற பெயரையே தாங்கிய அன்னதான மடம் நயினாதீவில் இருக்கிறது. குறிகாட்டுவானில் படகேறி வரும் அடியார்கள் அங்கு பந்தியில் அமர்கிறார்கள். வாய்ப்புள்ள நேயர்கள் பதினோராம் காதை முதல் பதினேழாம் காதை வரை ஒருமுறை சேர்த்து வாசித்துப் பாருங்கள். பாத்திரம் எங்கே நிறைகிறது, எங்கே நிற்கிறது என்பதைச் சாத்தனாரே காட்டுவார்.