கடைசி இடம் பெற்ற முன்னோடி

1960கள்வரை இந்தியாவில் சதுரங்கம் என்ற ஒரே பெயரில் இரண்டு ஆட்டங்கள் வழங்கிவந்தன. ஒன்று ஐரோப்பாவில் வரையறுக்கப்பட்டு, உலகப் போட்டிகள் அனைத்துக்கும் பொதுவாகிவிட்ட விதிகளின்படி ஆடப்பட்டது. மற்றொன்று தலைமுறை தலைமுறையாகக் கைமாறி வந்ததும் ஊருக்கு ஊர் சிறிது வேறுபட்டதுமான நாட்டு முறை. நாட்டு முறையில் சிப்பாய் தன் முதல் நகர்விலும் ஒரு கட்டமே செல்லும். ராஜாவை யானையின் பக்கம் இரண்டு கட்டம் நகர்த்தி, யானையை அதற்கு மறுபுறம் வைக்கும் ‘கோட்டை கட்டுதல்’ அதில் இல்லை. அதற்கு ஈடாக, ‘செக்’குக்கு ஆளாகாத ராஜா ஒரே ஒரு முறை குதிரையைப் போலத் தாவலாம். எதிரியின் கடைசி வரிசையை எட்டும் சிப்பாய், தான் சென்று சேர்ந்த கட்டத்துக்கு உரிய காயாகவே பெரும்பாலும் மாற முடியும்.

பார்வைக்குச் சிறியவையான இந்த வேறுபாடுகள் ஆட்டத்தின் போக்கையே மாற்றிவிடுகின்றன. சிப்பாய் இரண்டு கட்டம் பாயக்கூடிய ஆட்டத்தில் முதல் நகர்விலேயே பலகையின் நடுப்பகுதியில் மோதல் தொடங்கிவிடுவதால், தொடக்க நகர்வுகளை ஆராய்ந்து, எந்த நகர்வுக்கு எது சரியான மறுமொழி என்பதை வகுத்துச் சொல்லும் ‘ஓப்பனிங்’ என்ற தனித்துறை ஐரோப்பாவில் நூற்றுக்கணக்கான ஆண்டுகளாக வளர்ந்திருந்தது. நாட்டு முறையில் படைகள் மெல்ல அணிவகுத்த பிறகே கைகலப்பு நிகழும் என்பதால் அத்தகைய படிப்புக்கு அங்குத் தேவை எழவில்லை. நடு ஆட்டத்திலும் இறுதி ஆட்டத்திலும் கூர்மையாக விளங்கிய இந்திய ஆட்டக்காரர்கள், பன்னாட்டுப் போட்டிகளில் முதல் பத்துப் பன்னிரண்டு நகர்வுகளுக்குள் இக்கட்டில் சிக்கிக்கொண்டதற்குக் காரணம் இதுவே. அவர்களுடைய அறிவுக் குறைவு அன்று.

இந்தத் தடையைத் தன் மேதைமையால் மட்டுமே தாண்டியவர் பஞ்சாபைச் சேர்ந்த மீர் சுல்தான் கான். 1929இல் லண்டனுக்கு அழைத்துச் செல்லப்பட்ட அவர், அதே ஆண்டிலும் பின்னர் 1932, 1933 ஆண்டுகளிலும் பிரிட்டிஷ் சாம்பியன் பட்டத்தை வென்றார். முன்னாள் உலக சாம்பியன் காப்பபிளாங்காவையும் தோற்கடித்தார். ஆயினும் நாடு திரும்பியதும் அவருடைய போட்டி வாழ்க்கை முடிந்துபோயிற்று. அவருக்குப் பின்னால் ஒரு கழகமோ மாணவர் குழுவோ உருவாகவில்லை. அவர் 1966இல் மறைந்தார். உலக சதுரங்கக் கூட்டமைப்பான ஃபிடே, அவருக்குக் கௌரவ கிராண்ட் மாஸ்டர் பட்டம் வழங்கியது 2024இல்தான். திறமையில் சுல்தான் கானுக்கு நிகரென்று சொல்ல முடியாத ஒருவர், ஆட்டத்தை இந்நாட்டில் வேரூன்றச் செய்ததில் அவரைக் காட்டிலும் பெரிய பணியைச் செய்தார் என்பதே மானுவேல் ஆரோனின் வாழ்க்கையைத் தனித்து நோக்கத் தூண்டுகிறது.

ஆரோன் 1935 டிசம்பரில் பர்மாவின் டவுங்கூ நகரில் இந்தியப் பெற்றோருக்குப் பிறந்து, தமிழ்நாட்டில் வளர்ந்து, அலகாபாத் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றவர். தேசிய சாம்பியன் போட்டி 1955இல் ஏலூரில் முதன்முதலாக நடந்தபோது, அதற்கான அகில இந்தியக் கூட்டமைப்பு தோன்றி நான்கு ஆண்டுகளே ஆகியிருந்தன. அப்பட்டத்தை ஆரோன் 1959இல் முதல்முறை வென்றார். 1981இல் கடைசியாக வென்றபோது அவருக்கு வயது 45. இடைப்பட்டவற்றையும் சேர்த்தால் மொத்தம் ஒன்பது முறை. 1960இல் லைப்சிக் ஒலிம்பியாடில், அதாவது நாடுகள் அணி அணியாக மோதும் போட்டியில், 1935 முதல் 1937 வரை உலக சாம்பியனாக இருந்த நெதர்லாந்தின் மாக்ஸ் யூவேயை அவர் வீழ்த்தினார்.

அடுத்த ஆண்டு மங்கோலியாவின் மோமோவையும் ஆஸ்திரேலியாவின் சிசில் பர்டியையும் தனித்தனிப் போட்டிகளில் வென்று, சர்வதேச மாஸ்டர் பட்டம் பெற்ற முதல் இந்தியரானார். கிராண்ட் மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள இப்பட்டம் இன்று பள்ளிச் சிறுவர்களுக்கும் கிடைத்துவிடுவதால், அக்காலத்தில் அதற்கிருந்த மதிப்பை இன்றைய வாசகர் உணர்வது எளிதன்று. அதே 1961ஆம் ஆண்டுக்கான அர்ஜுனா விருதும் அவருக்குக் கிடைத்தது. சதுரங்கத்துக்காக அவ்விருதைப் பெற்ற முதல் ஆட்டக்காரரும் அவரே.

இந்த வெற்றிகள் அவரை 1962இல் ஸ்டாக்ஹோமில் நடந்த ‘இன்டர்சோனல்’ போட்டிக்கு இட்டுச் சென்றன. உலகைப் பல மண்டலங்களாகப் பிரித்து, ஒவ்வொரு மண்டலத்திலும் தேறியவர்களை ஒன்றுகூட்டி ஆடவைத்து, உலக சாம்பியனை எதிர்க்கும் தகுதியை நாடுவோரைச் சலித்தெடுக்கும் கட்டம் அது. ஒவ்வொருவரும் மற்ற அனைவருடனும் மோதிய அப்போட்டியில் 23 பேர் ஆடினர். தலா 22 ஆட்டங்களை ஆடி முடிக்க ஒரு மாதத்துக்கும் மேலாயிற்று. முதலிடம் 18 வயது பாபி ஃபிஷருக்கு. கடைசி இடம் ஆரோனுக்கு.

செய்தித்தாளில் ஒரு வரியாக வெளியாகும் அந்தத் தரவரிசை மறைத்துவிடும் செய்தி ஒன்று உண்டு. ஹங்கேரியின் லாயோஷ் போர்டிஷும் கிழக்கு ஜெர்மனியின் வொல்ஃப்காங் ஊல்மனும் அன்றே கிராண்ட் மாஸ்டர்களாக இருந்தவர்கள். அரசின் ஆதரவும் பயிற்சி மரபும் வாய்த்த நாடுகளிலிருந்து வந்தவர்கள். இருவரையும் ஆரோன் வென்றார். அந்தச் சுற்றில் முதல் ஆறு இடங்களுக்குள் வந்தால்தான் அடுத்த கட்டத்துக்குச் செல்லலாம் என்றிருந்த நிலையில், அவர்கள் இருவருமே அவ்வாய்ப்பைத் தவறவிட்டனர். வலிமை மிக்க ஒருவரை ஒரு நாள் வீழ்த்தும் ஆற்றல் ஆரோனிடம் இருந்தது. 22 ஆட்டங்களிலும் அந்த ஆற்றலை நிலைநிறுத்துவதற்குரிய ஆண்டு முழுவதுமான போட்டிப் பழக்கமும், புத்தகங்களும், ஆட்டங்களை உடனிருந்து அலசும் துணைவர்களும் அன்றைய இந்தியாவில் இல்லை.

இல்லாதவற்றை உண்டாக்குவதில் அவர் அதன்பின் ஈடுபட்டார். ஓப்பனிங் நூல்களைப் படிக்கும்படி ஆட்டக்காரர்களை வற்புறுத்தினார். நாட்டு முறையை விட்டுப் பன்னாட்டு விதிகளுக்கு மாறத் தூண்டினார். ஆட்டக் குழுக்களை அமைத்தார். மாநிலச் சங்கத்தின் செயலாளராகப் பணியாற்றினார். ‘செஸ் மேட்’ இதழை நடத்தினார். பழைய முறையின் வண்ணங்கள் இதனால் மறைந்தன என்று வருந்துவோர் இருக்கலாம். ஆனால் இரண்டு விதிகளை வைத்துக்கொண்டு உலக மேடையில் ஏறுவது நடவாத காரியம்.

இந்த முயற்சிகளில் நிலைத்த பயன் தந்தது 1972இல் சென்னையில் சோவியத் கலாச்சார மையத்தில் தொடங்கிய டால் சதுரங்கக் கழகம். 1960இல் உலக சாம்பியனான ரீகா நகரத்து மிகாயில் டாலின் பெயரைத் தாங்கிய அக்கழகத்தில், வேறெங்கும் எளிதில் கிடைக்காத பலகைகளும் கடிகாரங்களும் ரஷ்ய நூல்களும் உறுப்பினர்களுக்குக் கிடைத்தன. சதுரங்கக் கடிகாரம் என்பது ஒரே பெட்டியில் இரண்டு முகங்களைக் கொண்டது; நகர்வை முடித்தவர் தன் பக்கத்துப் பொத்தானை அழுத்தியதும் அவருடைய கடிகாரம் நின்று எதிரியுடையது ஓடத் தொடங்கும்; முள் பன்னிரண்டை நெருங்குகையில் ஒரு சிறு சிவப்புக் கொடியைத் தூக்கும்; கொடி விழுந்தால் நேரம் முடிந்தது, ஆட்டமும் போயிற்று. ஆளுக்கு ஐந்து நிமிடம் வைத்து ஆடும் ‘பிளிட்ஸ்’ அங்கே வழக்கமாயிற்று. வென்றவர் இருக்கையிலேயே தொடர்வார், தோற்றவர் எழுந்து வரிசையின் கடைசிக்குச் செல்வார் என்பது நடைமுறை என்பதால், தொடர்ந்து ஆட விரும்பிய சிறுவனுக்கு வெல்வதைத் தவிர வேறு வழி இருக்கவில்லை. தாய் சுசீலாவிடம் ஆடக் கற்ற விஸ்வநாதன் ஆனந்த், பின்னாளில் உலகமே வியந்த தன் வேகத்துக்கு மெருகேற்றிக்கொண்ட இடங்களுள் இது முதன்மையானது.

இந்தியாவின் இரண்டாவது சர்வதேச மாஸ்டராக வி. ரவிக்குமார் உருவானது 1978இல். ஆரோனுக்கும் அவருக்கும் இடையே 17 ஆண்டுகள் கழிந்திருந்தன. கிராண்ட் மாஸ்டர் பட்டத்துக்கு, ஏற்கெனவே அப்பட்டம் பெற்ற பலர் பங்கேற்கும் போட்டிகளில் குறிப்பிட்ட புள்ளி அளவைப் பலமுறை எட்டியாக வேண்டும்; அத்தகைய போட்டிகள் இந்தியாவில் அரிதாகவும், வெளிநாட்டுப் பயணம் பெருஞ்செலவாகவும் இருந்த காலத்தில் ஆரோனின் தலைமுறைக்கு அது கைக்கெட்டவில்லை. 1987இல் உலக ஜூனியர் சாம்பியனான ஆனந்த், மறு ஆண்டு கோவையில் நடந்த போட்டியின் மூலம் நாட்டின் முதல் கிராண்ட் மாஸ்டரானார். திபியேந்து பருவா 1991இலும் பிரவீண் திப்சே 1997இலும் அவரைத் தொடர்ந்தனர். அதற்குள் டால் கழகத்துக்கு இடமளித்த சோவியத் ஒன்றியமே கலைந்துவிட்டிருந்தது. ஆனால் அதன் பயிற்சி முறையைக் கற்றவர்கள் சென்னையில் அடுத்த தலைமுறைக்குப் பாடம் சொல்லத் தொடங்கியிருந்தனர். 2023இல் இந்திய கிராண்ட் மாஸ்டர்களின் எண்ணிக்கை 80ஐத் தாண்டியது.