ஆடு வெட்டிய அமெரிக்க ஆலை

மலேசியாவிலே, கோலாலம்பூரை அடுத்த சுங்கைவே என்னும் இடத்திலே, பெரியதோர் அமெரிக்க மின்னணு ஆலை. 1978ஆம் ஆண்டு அந்த ஆலை மூன்று நாட்கள் மூடிக் கிடந்தது. வேலை நிறுத்தமா? இல்லை. மூலப்பொருள் பஞ்சமா? அதுவும் இல்லை. பேய் புகுந்துவிட்டதாம்! உருப்பெருக்கிக் கண்ணாடியின் முன் குனிந்து வேலை செய்துகொண்டிருந்த பெண்களில் ஏறத்தாழ 120 பேர் அலறினர், அழுதனர், சிரித்தனர். பிடிக்க வந்த ஆண்களை உதறித் தள்ளினர். முடிவில் ஒரு மலாய் மந்திரவாதியை அழைத்து வந்து, ஆலை வளாகத்துக்குள்ளேயே ஓர் ஆட்டை வெட்டினார்கள். மந்திரவாதியை அமர்த்தியது யார் தெரியுமா, தோழர்களே? விஞ்ஞானத்தையே விற்றுப் பிழைக்கும் நிர்வாகம்தான்!

"ஆவியைப் பார்த்தார்கள், அதனால் 8,000 மணி நேர உற்பத்தி போயிற்று என்று தலைமை அலுவலகத்துக்கு எப்படி எழுதுவேன்?" என்பதுதான் அந்த ஆலையின் அமெரிக்க இயக்குநருக்கு வந்த கவலை.

இந்தச் செய்திகளைத் திரட்டி ஆராய்ந்தவர் ஐவா ஓங் அம்மையார். பினாங்கிலே பிறந்த மானிடவியல் அறிஞர். சிலாங்கூர் மாநிலத்துக் கிராமத்திலே தங்கி, ஆலைக்குப் போய்வரும் பெண்களோடு பழகி, 1987இல் நூலாக வெளியிட்டார். பேய் உண்டா இல்லையா என்ற வழக்காட்டத்திலே அவர் இறங்கவில்லை. வேறு கேள்வி கேட்டார்: இது ஏன் இந்தப் பெண்களுக்கு, இந்த இடத்தில், இந்தக் காலத்தில் வந்தது?

விடை அந்தப் பெண்களின் வேலையிலே இருக்கிறது. 1970க்குப் பின் மலேசிய அரசு தடையில்லா வாணிப வட்டாரங்களைத் திறந்து, அயல்நாட்டு முதலாளிகளை வருக வருக என்று வரவேற்றது. நெல்வயலையும் ரப்பர்த் தோட்டத்தையும் அண்டி வாழ்ந்த குடும்பங்களின் மணமாகாத இளம்பெண்கள் கூட்டங்கூட்டமாக ஆலைக்குள் சென்றார்கள். மயிரிழையினும் மெல்லிய கம்பியை உருப்பெருக்கியிலே பார்த்துப் பார்த்து ஒட்ட வேண்டும். கண் எரியும், தலை வலிக்கும். பகல் ஷிப்டு, இரவு ஷிப்டு மாறி மாறி வரும். கழிப்பறைக்குப் போகவும் மேற்பார்வையாளன் இசைவு வேண்டும்; அவன் ஆண். வீட்டிலே தந்தையின் சொல், ஆலையிலே அவன் சொல். எதிர்த்துப் பேச இடமேது? சங்கமேது? அந்தத் தொழிலுக்கு நாடு தழுவிய சங்கம் அமைக்க அரசு இசையவில்லை.

வாய் பேச முடியாத இடத்திலே ஆவி பேசிற்று! அதுவும் எங்கே தோன்றிற்றாம்? கழிப்பறையிலே, தொழுகை அறையிலே, உருப்பெருக்கிக் கண்ணாடியிலே! காட்டையும் இடுகாட்டையும் அழித்து ஆலை கட்டியதால் இடம் பறிபோன ஆவிகள் சீறுகின்றன என்றார்கள் அந்தப் பெண்கள்.

அப்படியானால் நடிப்பா? இல்லை. திட்டமிட்ட போராட்டமும் இல்லை. உடல் தாங்காதபோது, தம் ஊர் தந்த ஒரே மொழியிலே வெடித்துக் கிளம்பிய எதிர்ப்பு என்பதே அம்மையாரின் கருத்து. நிர்வாகம் வைத்த பெயர் வேறு: ஹிஸ்டீரியா! நோய் என்று பெயரிட்டுவிட்டால் மருந்து கொடுத்தால் போதும். ஷிப்டை மாற்ற வேண்டாம், கூலியை உயர்த்த வேண்டாம். அமைதி மாத்திரை கொடுத்தார்கள். மீண்டும் பேய் பிடித்தால், பாதுகாப்புக் காரணம் காட்டிச் சீட்டையும் கிழித்தார்கள்!

இது மலாய்ப் பெண்களின் தனிக்கதை அன்று. சோமாலி நாடோடி மக்களிடையே 'சார்' என்னும் ஆவி பெண்களையே பெரும்பாலும் பிடிப்பதை இங்கிலாந்து அறிஞர் லூயிஸ் 1971இல் வெளியிட்ட நூலிலே விளக்குகிறார். பிடித்த ஆவி கேட்பதென்ன? நல்ல உடை, நறுமணம், சுவையான உணவு! மனைவி கேட்டால் கிடைக்காது, ஆவி கேட்டால் கிடைக்கும். கணவனுக்கு ஐயந்தான், ஆனால் ஆவியே இல்லை என்று சொல்ல அவனுக்கும் துணிவில்லை.

ஆண்கள் மட்டும் விலக்கா? அதையும் கேளுங்கள். நைஜர் நாட்டிலிருந்து பிழைப்புத் தேடி, வெள்ளையர் ஆண்ட அக்ரா நகருக்கு வந்த கூலித் தொழிலாளர்களை 1954இல் ழான் ரூஷ் என்ற பிரெஞ்சுக்காரர் படம் பிடித்தார். அவர்கள் மேல் வந்தவை முன்னோர் ஆவிகள் அல்ல. கவர்னர் வந்தார், படைத்தலைவர் வந்தார், ரயில் என்ஜின் ஓட்டுநர்கூட வந்தார்! கவர்னர் சிலையின் தலையிலே ஒரு முட்டையை உடைத்து ஊற்றினார்கள். அவர் தொப்பி இறகுக்கு அதுதான் அடையாளமாம். வாயிலே நுரை தள்ள, ஆளும் வெள்ளையரைப்போல் அவர்கள் வட்டமேசை மாநாடு நடத்தினார்கள். மறுநாள் காலை மீண்டும் மண் வெட்டப் போனார்கள். படத்தை வெள்ளை ஆட்சி தடை செய்தது. பேய்க்கு அஞ்சியா தடை?

மலேசியாவுக்குத் திரும்புவோம். மின்னணுத் தொழிலாளர் சங்கம் வைத்துக்கொள்ளலாம், ஆனால் ஆலைக்கு ஆலை தனித்தனியாகத்தான் என்று அந்நாட்டு அரசு சொன்னது 1988இல். அதற்குப் பத்தாண்டு முன்பே கிடைத்துவிட்டது, ஆடு வெட்டுவதற்கு இசைவு!