ஒளிநாடாவோடு மறையும் படங்கள்

திரைப்படம் பார்ப்பதற்குப் படமாளிகைக்கே செல்லவேண்டும் என்றிருந்த நிலைமையை நம்மிடையே பெரிதும் மாற்றியது, நாம் 'டெக்' என்று அழைத்த வீடியோ கருவியேயாகும். யப்பானில் 1976 இல் ஜே.வி.சி. நிறுவனம் அறிமுகப்படுத்திய வி.எச்.எஸ். ஒளிநாடா, எண்பதுகளில் நமது ஊர்களிலும் பரவியது. 1990 இன் பின்னர் யாழ்ப்பாணக் குடாநாடு மின்சாரமின்றி இருந்த காலத்திலும் ஜெனரேட்டரை வாடகைக்கு எடுத்து, ஒழுங்கையார் அனைவரும் ஒரு முற்றத்தில் கூடி விடியவிடியப் படம் பார்த்ததை நம்மில் பலர் மறந்திருக்கமாட்டார்கள். படமாளிகைப் பக்கமே செல்லாத பெண்களும் முதியவர்களும் அங்கே பாயில் அமர்ந்திருந்தனர். படம் முடியுமுன் எண்ணெய் தீர்ந்துவிடுமோ என்ற கவலை மட்டும் எல்லோருக்கும் பொதுவாக இருந்தது.

பின்னர் இறுவட்டு வந்தது, இப்போது கைத்தொலைபேசி. அஞ்சலில் வட்டுக்களை வாடகைக்கு அனுப்பிவந்த நெட்பிளிக்ஸ், 2007 இல் இணையத்தில் படங்களைக் காட்டத் தொடங்கி, 2016 ஜனவரியில் இலங்கையையும் எட்டியது. 2023 செப்டெம்பரில் வட்டுக்கள் அனுப்புவதையே நிறுத்திவிட்டது.

வசதி பெருகியிருக்கின்றது என்பதில் ஐயமில்லை. ஆனால், ஒளிநாடாவும் இறுவட்டும் வாங்கியவரின் அலுமாரியில் இருந்தன. இன்று நாம் செலுத்தும் மாதக் கட்டணமோ பார்ப்பதற்கான அனுமதியை மட்டுமே தருகின்றது. உரிமை ஒப்பந்தம் முடிவடைந்தால் படம் பட்டியலிலிருந்து மறைந்துவிடும். அப்பட்டியலில் இடமே பெறாத படங்களின் கதி இன்னும் மோசமானது.

நமது நாட்டுத் தமிழ்ப் படங்களை எடுத்துக்கொள்வோம். 1962 இல் 16 மில்லிமீற்றர் சுருளில் உருவான 'சமுதாயம்' தொடக்கம் எழுபதுகள் வரை வெளிவந்தவற்றுள் பலவற்றின் பிரதிகள் இன்று கிடைப்பதில்லை. 1983 ஜூலை வன்செயலில் கே. குணரத்தினத்தின் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டபோது, சிங்களப் படங்களின் மூலச்சுருள்களும் சேர்ந்தே சாம்பலாயின. தீ மொழி பார்க்கவில்லை. இந்தியாவில் 1964 இலேயே புனேயில் தேசிய திரைப்பட ஆவணக்காப்பகம் நிறுவப்பட்டிருந்ததை இங்கு நினைக்காமலிருக்க முடியவில்லை.

ஆகவே, சுருள் அழிந்த படமொன்று எங்கேனும் எஞ்சியிருக்குமாயின், அது பெரும்பாலும் யாரோ ஒருவரது வீட்டு ஒளிநாடாவிலேயே இருக்கும். அதிலும் 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களும், 1995 ஒக்டோபரில் வலிகாமத்திலிருந்து இடம்பெயர்ந்தவர்களும் கையோடு கொண்டுசென்ற பொருட்களில் ஒளிநாடாவுக்கு இடமிருந்திருக்காது.

மிஞ்சியவையும் நீண்டகாலம் தாங்கா. நாடாவில் பசையால் ஒட்டப்பட்ட காந்தத் துகள்களிலேயே படம் பதிந்துள்ளது. நமது ஈரலிப்பான காலநிலையில் அப்பசை இளகுகின்றது, பூஞ்சணமும் பிடிக்கின்றது. அத்தகைய நாடாவை அப்படியே ஓடவிட்டால் துகள்கள் உரிந்துவிடும். டெக் தயாரித்துவந்த கடைசி யப்பானிய நிறுவனமும் 2016 இல் உற்பத்தியை நிறுத்திவிட்டதால், பழுதடைந்த கருவிக்கு மாற்றுக் கருவி பெறுவதும் கடினமாகிவிட்டது.

பரணில் ஒளிநாடா வைத்திருப்போர், டெக் இன்னும் இயங்கும் ஒருவரைத் தேடி அதனைக் கணினிக்கு மாற்றிக்கொள்வது நன்று. பூஞ்சணம் தென்பட்டால் முதலில் துப்புரவு செய்விக்கவேண்டும். மேலே எழுதியிருப்பதை மட்டும் நம்பிவிடலாகாது. திருமண வீடியோ என்று குறிக்கப்பட்ட நாடாவின் கடைசிப் பகுதியில், தொலைக்காட்சியில் எப்போதோ காட்டப்பட்ட படமொன்று பதிவாகியிருக்கவும் கூடும்.