பாதியில் அறுந்துபோகும் ஆட்டம்: ஆன்லைன் விளையாட்டில் இணைப்புப் பிழை தொடங்குவது எங்கே?

ஹைதராபாத்: ஹைதராபாத் மெட்ரோ ரயிலின் சிவப்பு, நீல வழித்தடங்கள் சந்திக்கும் அமீர்பேட், மென்பொருள் பயிற்சி மையங்களுக்குப் பெயர்பெற்ற பகுதியாகும். மைத்ரிவனத்தைச் சுற்றியுள்ள தெருக்களில் பயிற்சி மையங்களும், அங்கு படிக்க வரும் இளைஞர்கள் தங்கும் விடுதிகளும் நெருக்கமாக அமைந்துள்ளன. இத்தகைய விடுதிகளில் பகலில் வகுப்புக்கும் வேலைவாய்ப்பு நேர்காணலுக்கும் பயன்படும் அதே வைஃபைதான் இரவில் ஆன்லைன் விளையாட்டுக்கும் பயன்படுகிறது. ஆட்டத்தின் நடுவே ‘சர்வருடனான இணைப்பு துண்டிக்கப்பட்டது’ என்ற அறிவிப்பு தோன்றினால், பழி உடனடியாக விளையாட்டு நிறுவனத்தின் மீது விழுகிறது. ஆனால், கோளாறு பல நேரங்களில் அதே கட்டடத்துக்குள்ளேயே இருக்கிறது.

‘100 எம்பிபிஎஸ் இணைப்பு இருந்தும் ஏன் இப்படி?’ என்பது வழக்கமான கேள்வி. பலர் ஒரே களத்தில் மோதும் விளையாட்டுக்குத் தேவைப்படும் தரவு மிகவும் குறைவு. சிறு சிறு பொட்டலங்களாகத் தரவு ஒரு விநாடிக்குள் பல முறை சென்று திரும்புகிறது. அவை எவ்வளவு விரைவாக, எவ்வளவு சீராக, எத்தனை தொலையாமல் வந்து சேர்கின்றன என்பதே முக்கியம். திரைப்படம் பார்க்கும்போது சில விநாடிகளுக்கான காட்சி முன்கூட்டியே சேமிக்கப்படுவதால், இடையில் ஏற்படும் தடங்கல் கண்ணுக்குத் தெரிவதில்லை. விளையாட்டில் அவ்வாறு சேமித்து வைக்க எதுவும் இல்லை. எதிராளியின் அடுத்த அசைவு இன்னும் நிகழவே இல்லை.

பொட்டலம் சென்று திரும்பும் நேரத்தையே விளையாடுவோர் ‘பிங்’ என்கின்றனர். ஒளியிழைக் கேபிளில் ஒளி விநாடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் வேகத்தில் செல்கிறது. ஹைதராபாத்திலிருந்து மும்பை நேர்கோட்டில் சுமார் 620 கி.மீ. என்பதால், சென்று திரும்பக் குறைந்தது 6 மில்லி விநாடி ஆகும். சிங்கப்பூர் சுமார் 3,300 கி.மீ.; அங்கு 33 மில்லி விநாடிக்குக் கீழே எந்த உபாயத்தாலும் வர முடியாது. கேபிள் நேர்கோட்டில் செல்வதில்லை என்பதால் நடைமுறையில் நேரம் இன்னும் கூடும். வேலரன்ட் விளையாட்டுக்கு மும்பையிலும், கவுன்டர் ஸ்டிரைக் 2 விளையாட்டுக்கு மும்பை, சென்னை ஆகிய இரு நகரங்களிலும் சர்வர்கள் உள்ளன. எனவே, பிங் அளவு திடீரென உயர்ந்தால், விளையாட்டின் அமைப்பில் வேறு நாட்டு சர்வர் தேர்வாகியிருக்கிறதா என்பதை முதலில் பார்ப்பது நல்லது.

அது சரியாக இருந்தால், அடுத்த சோதனை அறைக்குள்ளேயே தொடங்க வேண்டும். விண்டோஸ் கணினியின் கட்டளைத் திரையில் ‘பிங்’ கட்டளையை முதலில் வைஃபை ரவுட்டரின் முகவரிக்கு அனுப்ப வேண்டும். பெரும்பாலும் அது 192.168.0.1 அல்லது 192.168.1.1 ஆக இருக்கும். விடை சில மில்லி விநாடிகளில் ஒரே சீராக வரவேண்டும். ஒருமுறை 3, மறுமுறை 140, அடுத்த முறை பதிலே இல்லை என்று தடுமாறினால், கோளாறு ரவுட்டருக்கும் கணினிக்கும் இடையில்தான் உள்ளது. ரவுட்டர் வரை சீராக இருந்து, 8.8.8.8 போன்ற வெளி முகவரிக்கு மட்டும் பொட்டலங்கள் தொலைந்தால், குறை இணைய நிறுவனத்தின் பாதையில் இருக்க வாய்ப்பு அதிகம். இரண்டும் சீராக இருக்கும்போது மட்டுமே விளையாட்டு சர்வரின் மீது சந்தேகம் கொள்வது நியாயம். இந்த வரிசையை மாற்றி, முதல் வேலையாகப் பல ஜிபி அளவுள்ள விளையாட்டை அழித்து மீண்டும் நிறுவுவோர் ஒரு மாலைப்பொழுதை வீணாக்குகின்றனர்.

விடுதிகள் நெருங்கிய தெருவில் வைஃபை தடுமாறுவதற்குக் காரணம் உண்டு. 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் ஒன்றோடொன்று மோதாத சேனல்கள் 1, 6, 11 ஆகிய மூன்று மட்டுமே. ஒவ்வொரு தளத்திலும் பக்கத்துக் கட்டடத்திலும் உள்ள ரவுட்டர்கள் அனைத்தும் இம்மூன்றையே பங்கிட்டுக்கொள்கின்றன. 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாறினால் நெரிசல் குறையும். ஆனால் அது சுவரைத் தாண்டும்போது எளிதில் வலுவிழக்கும். வாய்ப்பிருந்தால் ஈதர்நெட் கேபிள் ஒன்றைப் பொருத்துவதே நிச்சயமான தீர்வு.

இரவு 9 மணிக்கு மேல் மட்டும் பிழை வருகிறது என்றால், காரணம் வேறாக இருக்கலாம். ஒருவர் பெரிய கோப்பைப் பதிவேற்றும்போது ரவுட்டரின் வரிசை நிரம்பி, விளையாட்டின் சிறிய பொட்டலங்கள் அதன் பின்னால் காத்து நிற்கின்றன. ரவுட்டரில் ‘கியூஓஎஸ்’ எனப்படும் முன்னுரிமை வசதி இருந்தால் அதை இயக்கலாம். அது விடுதி நிர்வாகியின் கையில் உள்ளது.

விடுதியின் முதன்மை ரவுட்டருக்குப் பின்னால் ஒவ்வொரு தளத்துக்கும் இன்னொரு ரவுட்டர் இருந்தால் முகவரி மாற்றம் இருமுறை நடக்கும். நண்பர்கள் தாமே நடத்தும் ஆட்டங்களில் பிறர் சேர முடியாமல் போவதற்கும், குரல் உரையாடல் இணையாமல் போவதற்கும் இது காரணமாகலாம். தள ரவுட்டரை ‘ஆக்சஸ் பாயின்ட்’ முறைக்கு மாற்றினால் இச்சிக்கல் தீரும். முதன்மை ரவுட்டரின் வெளி முகவரி 100.64 முதல் 100.127 வரையிலான எண்களில் தொடங்கினால், இணைய நிறுவனமே ஒரு பொது முகவரியைப் பல வாடிக்கையாளர்களுக்குப் பகிர்ந்தளிக்கிறது என்று பொருள். அப்போது ரவுட்டரில் ‘போர்ட்’ திறந்துவிடுவதால் பயனில்லை. தனி முகவரி கேட்டுப் பெற வேண்டும்.

தெருவில் தொங்கும் கேபிளும் இந்தப் பாதையின் ஒரு பகுதியே. 2025 ஆகஸ்ட் மாதம் ஹைதராபாத்தின் ராமந்தாபூரில் கிருஷ்ண ஜெயந்தி ஊர்வலத்தின்போது மின்சாரம் பாய்ந்து 5 பேர் உயிரிழந்தனர். அதையடுத்து மின்கம்பங்களில் கட்டப்பட்டிருந்த கேபிள்கள் அகற்றப்பட்டதில் நகரின் பல பகுதிகளில் இணைய சேவை பாதிக்கப்பட்டது. விவகாரம் தெலங்கானா உயர் நீதிமன்றம் வரை சென்றது. அத்தகைய நாளில் அறைக்குள் எதை மாற்றினாலும் இணைப்பு திரும்பாது.

இணைப்புப் பிழை போலத் தோன்றும் எல்லாமே இணையம் சார்ந்தவை அல்ல. வேலரன்ட் காட்டும் ‘வேன் 9001’ பிழை, விண்டோஸ் 11 கணினியில் ‘செக்யூர் பூட்’, ‘டிபிஎம் 2.0’ ஆகிய பாதுகாப்பு அமைப்புகள் இயக்கப்படாததைக் குறிக்கிறது. ரவுட்டரை எத்தனை முறை அணைத்துப் போட்டாலும் அது மறையாது. டிஎன்எஸ் முகவரியை மாற்றுவது உள்நுழைவுச் சிக்கலுக்குச் சில வேளைகளில் உதவும். தொடங்கிவிட்ட ஆட்டத்தின் பிங்கைக் குறைக்காது. விபிஎன் சேவை, நிறுவனத்தின் பாதை சுற்றுவழியாக இருந்தால் மட்டுமே பலன் தரும். மற்ற நேரங்களில் தாமதத்தைக் கூட்டும்.

குறை இணைய நிறுவனத்தின் பக்கம் என்று தெரிந்தால், ‘நெட் மெதுவாக இருக்கிறது’ என்று மட்டும் கூறுவது போதாது. ரவுட்டருக்கும் வெளி முகவரிக்கும் எடுத்த பிங் முடிவுகளை நேரத்துடன் படம்பிடித்து, புகார் எண் பெற்றுக்கொள்ள வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்த டிராய் தர விதிமுறைகளில் தாமதமும் பொட்டல இழப்பும் அளவிடப்பட வேண்டியவையாக இடம்பெற்றுள்ளன. பதில் திருப்தி அளிக்காவிட்டால், அந்நிறுவனத்தின் மேல்முறையீட்டு அதிகாரியை அணுகலாம். விடுதி இணைப்பு உரிமையாளரின் பெயரில் இருப்பதால், புகாரை அவர் மூலமாகவே அளிக்க வேண்டியிருக்கும். விளையாட்டுக்காக என்றால் தயங்கும் உரிமையாளரிடம், காணொலி நேர்காணலில் குரல் விட்டுவிட்டுக் கேட்பதற்கும் இதே பொட்டல இழப்புதான் காரணம் என்பதைச் சுட்டிக்காட்டலாம்.