சம்பள பாக்கிக்குக் கிடைச்ச கிராமம்... போலந்தின் போஹோனிகி கதை தெரியுமா?

ஒரு சின்ன கற்பனை. ஆறு மாசமா உங்களுக்குச் சம்பளம் வரலை. கேட்டா, "அடுத்த வாரம் பார்க்கலாம்"னு பதில். நீங்க என்ன செய்வீங்க? வேற வேலை தேடுவீங்க. கோபம் அதிகமா இருந்தா, போட்டிக் கம்பெனிக்கே போயிடுவீங்க. கொஞ்ச நாள் கழிச்சு பழைய முதலாளி கூப்பிட்டு, "கையில காசு இல்லை. பாக்கிக்குப் பதிலா நிலம் எழுதித் தர்றேன். திரும்பி வர்றீங்களா?"ன்னு கேட்டா?

சுமார் 350 வருஷங்களுக்கு முன்னால போலந்தில் கிட்டத்தட்ட இதுதான் நடந்தது. முதலாளி இடத்தில் இருந்தவர், அந்த நாட்டின் மன்னர். சம்பளம் வராம கோபிச்சுக்கிட்டுப் போனவர்கள், குதிரைப்படை வீரர்கள். பாக்கிக்குப் பதிலா கிடைச்ச ஊர்களில் ஒன்றுதான் போஹோனிகி. கத்தோலிக்கர்கள் பெரும்பான்மையாக வாழும் நாட்டின் ஓர் ஓரத்தில், மரத்தால் கட்டிய ஒரு பள்ளிவாசலோடு இன்னிக்கும் இருக்கு அந்தச் சின்ன கிராமம்.

எங்கே இருக்கு இந்த ஊர்?

மேப்பில் போலந்தின் வடகிழக்கு மூலையைப் பெரிதாக்கிப் பாருங்க. பியாவிஸ்தோக் என்ற நகரம் தெரியும். அதிலிருந்து பெலாரஸ் எல்லையை நோக்கிப் போனா சோகூவ்கா என்ற சிறு நகரம். அங்கிருந்து சில கிலோமீட்டர் வயல்களுக்கு நடுவே போனா போஹோனிகி வந்துடும். ஊரில் மொத்தமே நூறு பேர் அளவுக்குத்தான் இருப்பாங்க. ஒரு தெரு, இரண்டு பக்கமும் வீடுகள், அதைத் தாண்டினா வயல், அதையும் தாண்டினா காடு. அவ்வளவுதான் ஊர்.

இந்தப் பகுதிக்குப் போத்லாசியே என்று பெயர். போலந்திலேயே குளிர் அதிகமான பகுதிகளில் இதுவும் ஒன்று. பனியுகத்தில் வடக்கிலிருந்து நகர்ந்து வந்த பனிப்பாறைகள், உருகிப் போகும்போது மணலையும் சரளையையும் பாறைகளையும் இங்கே கொட்டிவிட்டுப் போயிருக்கு. அதனாலதான் நிலம் மேடும் பள்ளமுமா, சின்னச் சின்ன குன்றுகளா இருக்கு. மண்ணும் வளமானது இல்லை. ரை என்ற தானியம், உருளைக்கிழங்கு, மாடு வளர்ப்பு இதெல்லாம்தான் இங்கே காலங்காலமா பிழைப்பு. ஏர் ஓட்டினா கலப்பையில் கல் மாட்டும். அந்தக் கற்களைக் கொஞ்சம் ஞாபகம் வெச்சுக்கோங்க. கதையின் கடைசியில் வேலை இருக்கு.

யார் இந்த டாட்டார்கள்?

போஹோனிகிக்கு வந்தவர்கள் டாட்டார் இனத்தவர். கருங்கடலுக்கு வடக்கே விரிஞ்சு கிடக்கும் புல்வெளிகளில் குதிரையேற்றத்துக்கும் வில்வித்தைக்கும் பேர்போனவர்கள். 14-ம் நூற்றாண்டின் இறுதியில், லித்துவேனியாவை ஆண்ட வீட்டோல்ட் இவர்களில் பலரைத் தன் நாட்டில் குடியேற்றினார். 'எனக்காகப் போர் செய்யுங்கள். நிலம் தருகிறேன். உங்கள் மதத்தில் தலையிட மாட்டேன்' என்பதுதான் அந்த ஏற்பாட்டின் சாரம். 1410-ல் நடந்த புகழ்பெற்ற க்ரூன்வால்ட் போரில், டியூட்டானிக் வீரர்களுக்கு எதிராக வீட்டோல்டின் படையில் டாட்டார்களும் நின்றார்கள்.

பிறகு லித்துவேனியாவும் போலந்தும் ஒரே நாடாக இணைந்தன. டாட்டார்களின் வேலை மட்டும் மாறவில்லை. தலைமுறை தலைமுறையாக ராணுவம்தான்.

'சம்பளம் எங்கே?'

17-ம் நூற்றாண்டின் நடுவில் போலந்து அடுத்தடுத்த போர்களில் சிக்கியது. கஜானா காலி. படைவீரர்களுக்குச் சம்பளம் ஒழுங்காகப் போய்ச் சேரவில்லை. இன்னொரு பக்கம், டாட்டார்களின் பழைய உரிமைகள் ஒவ்வொன்றாகச் சுருங்கின. அவர்கள் புதுசா பள்ளிவாசல் கட்டுவதற்கும் தடைகள் வந்தன.

உழைப்புக்குக் காசும் இல்லை, நம்பிக்கைக்கு மரியாதையும் இல்லைன்னா மனுஷன் எத்தனை நாள் பொறுப்பான்? 1672-ல் போலந்தின் மீது ஒட்டோமான் துருக்கியர்கள் படையெடுத்தபோது, ஆயிரக்கணக்கான டாட்டார் வீரர்கள் பிரிந்து எதிரியோடு சேர்ந்தார்கள். போலந்துக்கு இது பெரிய அடி. நாட்டின் வழிகளும் போர்முறையும் தெரிந்தவர்களாச்சே!

ஆனால், அந்தப் பக்கமும் அவர்களுக்குச் சரிப்பட்டு வரவில்லை. இரண்டு, மூன்று வருஷங்களிலேயே பலர் திரும்பிவர விரும்பினார்கள். 1674-ல் போலந்தின் மன்னரான யான் சோபியெஸ்கி அனுபவப்பட்ட தளபதி. டாட்டார்களின் அருமை அவருக்கு நன்றாகத் தெரியும். 'துரோகிகள்' என்று ஒதுக்காமல், மன்னிப்புக் கொடுத்துச் சேர்த்துக்கொண்டார். சரி, சம்பள பாக்கி? கையில் பணம் இல்லை. ஆனால், அரச குடும்பத்துக்குச் சொந்தமான நிலம் நிறைய இருந்தது.

1679 மார்ச் 12-ம் தேதி, க்ரோட்னோ நகரில் (இன்று பெலாரஸில் இருக்கிறது) மன்னர் ஆணை பிறப்பித்தார். போஹோனிகி, க்ருஷினியானி உள்ளிட்ட சில கிராமங்களின் நிலம் டாட்டார் வீரர்களுக்குப் பிரித்துத் தரப்பட்டது. நிபந்தனை ஒண்ணுதான்... போர் வந்தால் குதிரையோடு வரணும்.

வந்தார்களா? நாலே வருஷத்தில் அதற்கும் பதில் கிடைத்தது. 1683-ல் ஒட்டோமான் படை வியன்னா நகரை முற்றுகையிட்டபோது, அதைக் காப்பாற்றப் போன சோபியெஸ்கியின் படையில் டாட்டார்களும் இருந்தார்கள். எதிரணியிலும் டாட்டார்கள் உண்டு. இரண்டு பேருக்கும் தோற்றம் ஒரே மாதிரி. அதனால் சோபியெஸ்கியின் டாட்டார்கள் தலையில் வைக்கோல் செருகிக்கொண்டு போரிட்டதாகச் சொல்வார்கள்.

பேச்சு போச்சு, பிரார்த்தனை நின்னுச்சு

வந்தவர்களில் பலரும் ஆண்கள். உள்ளூர்ப் பெண்களைத் திருமணம் செய்துகொண்டார்கள். அம்மா பேசும் மொழிதானே குழந்தைக்கு வரும்? போஹோனிகிக்கு வருவதற்கு முன்பே அவர்களுடைய சொந்த மொழி வழக்கொழிந்து, பெலாரஷ்யனும் போலிஷும் வீட்டு மொழிகளாகிவிட்டன. பெயர்களும் மாறின. அஹ்மத் என்ற பெயரோடு, போலந்துப் பெயர்களில் வரும் 'ஓவிச்' விகுதி சேர்ந்து 'அஹ்மத்தோவிச்' ஆனது. முதல் பாதி புல்வெளி, இரண்டாம் பாதி போலந்து.

ஆனால், மதத்தை விடவில்லை. அதற்கு அவர்கள் கண்டுபிடித்த வழி ரொம்ப சுவாரஸ்யம். 'கிதாப்' என்று அவர்கள் அழைக்கும் கையெழுத்துப் புத்தகங்களில் எழுத்து அரபி, மொழி பெலாரஷ்யன் அல்லது போலிஷ். நாம தமிழை இங்கிலீஷ் எழுத்தில் வாட்ஸ்அப்பில் டைப் பண்றோமே, அதே டெக்னிக்தான். அரபி எழுத்து வாசிக்கத் தெரியும், பேசுற மொழி வேற. இரண்டையும் இப்படிச் சேர்த்துக்கிட்டாங்க. அந்தப் புத்தகங்களைக் கையால் பிரதி எடுத்து, அடுத்த தலைமுறைக்குக் கொடுத்தாங்க.

இப்போது இருக்கும் பள்ளிவாசல் 19-ம் நூற்றாண்டின் இரண்டாம் பாதியில் கட்டப்பட்டது. முழுக்க மரம். சதுரமான கட்டடம், சரிவான கூரை, உச்சியில் ஒரு சின்ன கும்பம், அதன் மேல் பிறை. பிறையைக் கவனிக்காமல் பார்த்தால் ஏதோ கிராமத்துத் தேவாலயம் என்றே நினைப்பீங்க. காரணம் எளிமையானது. மரம் அந்தக் காட்டு மரம், கட்டும் முறை அந்த ஊர் முறை. உள்ளே ஆண்களுக்கு ஒரு பகுதி, பெண்களுக்கு ஒரு பகுதி. தரையில் கம்பளங்கள், சுவரில் சட்டமிட்ட குர்ஆன் வசனங்கள்.

ஊர் நகரலை... நாடு மாறிட்டே இருந்துச்சு!

போஹோனிகியில் ஒரு குடும்பம் வீட்டைவிட்டு எங்கேயும் போகாமலே எத்தனை நாடுகளில் வாழ்ந்திருக்கும்னு எண்ணிப் பாருங்க. 1795-ல் போலந்தை அண்டை நாடுகள் பங்கு போட்டுக்கொண்டபோது இந்தப் பகுதி பிரஷ்யாவுக்குப் போனது. 1807-ல் ரஷ்யாவின் கைக்கு மாறியது. முதல் உலகப் போருக்குப் பிறகு மறுபடி போலந்து. 1939-ல் சோவியத் படை வந்தது. 1941-ல் ஜெர்மன் படை. போர் முடிந்ததும் திரும்பவும் போலந்து.

அந்தக் கடைசி மாற்றத்தில் டாட்டார்களுக்குப் பெரிய இழப்பு. போலந்தின் கிழக்கு எல்லை மேற்கு நோக்கி நகர்த்தப்பட்டது. டாட்டார் ஊர்களும் பள்ளிவாசல்களும் பெரும்பாலும் எல்லைக்கு அந்தப் பக்கம், சோவியத் யூனியனுக்குள் மாட்டிக்கொண்டன. புது எல்லைக்குள் மிஞ்சிய பழைய மரப் பள்ளிவாசல்கள் இரண்டே இரண்டு. ஒன்று க்ருஷினியானி, இன்னொன்று போஹோனிகி. சம்பளத்துக்குப் பதிலாகக் கிடைத்த ஊர்கள்தான் கடைசியில் கையில் நின்றன.

பிறகு, எல்லாக் கிராமத்துக்கும் நடந்ததுதான் இங்கேயும். படிப்பு, வேலைன்னு பிள்ளைகள் பியாவிஸ்தோக்குக்கும் மற்ற நகரங்களுக்கும் போயிட்டாங்க. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் தங்களை டாட்டார் என்று சொன்னவர்கள் போலந்து முழுக்கவே 2,000 பேருக்கும் குறைவு. போஹோனிகியில் இன்று டாட்டார் குடும்பங்கள் விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான். பெருநாள் வந்தால் மட்டும் வெளியூர்க்காரர்கள் திரும்ப வர்றாங்க. அன்னிக்குத் தெரு நிறைஞ்சுடும். 2012-ல் இரு ஊர்களின் பள்ளிவாசல்களையும் கல்லறைத் தோட்டங்களையும் தேசிய வரலாற்றுச் சின்னமாக போலந்து அறிவித்தது.

மிசார்... கற்கள் பேசும் காடு

ஊரிலிருந்து கொஞ்ச தூரத்தில், மரங்கள் அடர்ந்த ஒரு மேட்டில் இருக்கிறது 'மிசார்'. டாட்டார்கள் தங்கள் கல்லறைத் தோட்டத்துக்கு வைத்திருக்கும் பெயர் இது. போலந்தின் பெரிய இஸ்லாமியக் கல்லறைத் தோட்டங்களில் ஒன்று.

முதலில் சொன்ன வயல் கற்கள் ஞாபகம் இருக்கா? இங்கேதான் வந்து சேர்ந்திருக்கு. பழைய கல்லறைகளில் தலைமாட்டில் ஒரு பெரிய கல், கால்மாட்டில் ஒரு சின்ன கல், சுற்றிலும் உருண்டைக் கற்கள். பனிப்பாறை கொண்டுவந்து போட்டதை உழவர்கள் பொறுக்கி எடுத்து, தங்கள் பெரியவர்களுக்கு வைத்திருக்கிறார்கள். கற்களில் பிறை செதுக்கியிருக்கும். எழுத்து சிலதில் அரபி, சிலதில் ரஷ்யன், சிலதில் போலிஷ். எந்தக் காலத்தில் எந்த ஆட்சி நடந்ததுன்னு கல்லைப் பார்த்தே சொல்லிடலாம். தூரத்து நகரங்களில் வாழ்ந்து மறைந்த டாட்டார்களையும் இங்கே கொண்டுவந்து அடக்கம் செய்யும் வழக்கம் இருக்கு.

2021 இலையுதிர் காலத்தில் இந்த மேட்டுக்கு வேறு விதமான வேலை வந்தது.

அந்த மாதங்களில் சிரியா, ஈராக், ஏமன் போன்ற நாடுகளைச் சேர்ந்த ஆயிரக்கணக்கான மக்கள், பெலாரஸ் வழியாக போலந்துக்குள் நுழைய முயன்றார்கள். எல்லையில் ஒரு பக்கம் பெலாரஸ் படை, மறுபக்கம் போலந்து படை. நடுவே உறைய வைக்கும் காடு. அங்கே சிலர் உயிரிழந்தார்கள். உடலைச் சொந்த நாட்டுக்கு அனுப்புவது எல்லோருக்கும் முடியவில்லை. முறைப்படி தொழுகை நடத்தி அடக்கம் செய்ய யார் இருக்கிறார்கள்?

போஹோனிகி மக்கள் இடம் கொடுத்தார்கள். எல்லையோர பூக் ஆற்றில் மூழ்கி இறந்த, சிரியாவைச் சேர்ந்த 19 வயது இளைஞரை 2021 நவம்பர் 15-ம் தேதி இரவில் இந்த மிசாரில் அடக்கம் செய்தார்கள். தொலைவில் இருந்த அவருடைய குடும்பத்தினர் செல்போன் வழியாகத்தான் அந்த இறுதிச் சடங்கைப் பார்த்தார்கள். அதே மாதம், பிறக்காமலே இறந்துபோன ஒரு ஈராக்கியக் குழந்தையும் சின்னஞ்சிறு வெள்ளைப் பெட்டியில் இங்கே வந்து சேர்ந்தது. முன்பின் பார்க்காத அந்தக் குழந்தைக்காக ஊர்க்காரர்கள் கூடி நின்று தொழுதார்கள்.

இன்னொண்ணும் சொல்லணும். அதே நாள்களில், எல்லையில் குளிரில் நின்ற போலந்து ராணுவ வீரர்களுக்குப் பெரிய பாத்திரங்களில் சூப் காய்ச்சி அனுப்பியதும் இதே டாட்டார்கள்தான். போலந்து அவர்களுடைய நாடு. அந்தப் படையில் அவர்களுடைய முன்னோர் 600 வருஷமா இருந்திருக்காங்க. காட்டில் இறந்தவர்களோ அவர்கள் செய்யும் அதே பிரார்த்தனையைச் செய்தவர்கள். 'ஏதாவது ஒரு பக்கம் நில்லு' என்று உலகம் கேட்ட நேரத்தில், சூப் ஒரு பக்கம் போனது, கல்லறை மறுபக்கத்துக்குக் கிடைத்தது.

போனா என்ன பார்க்கலாம்?

என்னிக்காவது போலந்து போற வாய்ப்பு கிடைச்சா, வார்சா, க்ராக்கோவ் மட்டும் பார்த்துட்டுத் திரும்பிடாதீங்க. பியாவிஸ்தோக் வரை வந்தா போஹோனிகி பக்கம்தான். பள்ளிவாசலைப் பார்க்க வெளியாட்களையும் அனுமதிக்கிறாங்க. செருப்பைக் கழற்றிட்டு உள்ளே போகணும்.

இந்தப் பகுதியில் 'பியெரெகாச்செவ்னிக்' கிடைக்குதான்னு கேளுங்க. மெல்லிசா விரிச்ச மாவை அடுக்கடுக்கா வெண்ணெய் தடவி, நடுவே இறைச்சி வெச்சு, நத்தை ஓடு மாதிரி சுருட்டி, அடுப்பில் வேகவைக்கிற டாட்டார் பலகாரம். 2009-ல் ஐரோப்பிய யூனியன் இதைப் பாரம்பரிய உணவாகப் பதிவு செய்திருக்கு.

சாப்பிட்டு முடிச்சதும் மிசார் வரை ஒரு நடை போயிட்டு வாங்க. மன்னரிடம் நிலம் வாங்கியவர்களின் வாரிசுகள் ஒரு பக்கம். இந்த ஊர்ப் பெயரைக்கூடக் கேள்விப்படாமல் எல்லைக்கு வந்து இறந்தவர்கள் இன்னொரு பக்கம். அந்தப் புதுக் கல்லறைகளைச் சுற்றியும் அதே வயல் கற்கள்தான் இருக்கு.